வேடு கட்டிய ஜாடிகள்

தென்காசிப் பக்கத்து ஊர்களில் வெயிலுக்குக் கெடு உண்டு. ஆனி பிறந்ததும் ஆரியங்காவுக் கணவாய் வழியாக மேகம் புகுந்து சாரல் விழ ஆரம்பித்துவிடும். குற்றாலத்தில் அருவி விழுகிறதென்று வெளியூர்க்காரர்கள் சந்தோஷமாகக் கிளம்பி வருவார்கள். உள்ளூர் வீடுகளிலோ கொடியில் போட்ட சேலை காயாமல் புழுங்கி வாடை அடிக்கும், தீப்பெட்டி நமத்துப்போகும், உப்புச் சட்டியில் தண்ணீர் விட்டிருக்கும். அதனால் எங்கள் ஆச்சிக்கு வருஷம் மாசியிலேயே பிறந்துவிடும். மாசி, பங்குனி, சித்திரை, வைகாசி என்று அந்த நாலு மாத வெயிலுக்குள், மறு மாசி வரைக்கும் வீட்டுக்கு வேண்டிய ஊறுகாயையும் வத்தலையும் போட்டு ஜாடி கட்டியாக வேண்டும். ஆச்சி காலண்டர் பார்த்து நான் அறியேன். காலையில் புறவாசலுக்குப் போய் மலையைப் பார்ப்பாள், முகத்தில் படுகிற காற்றைப் பார்ப்பாள், "இன்னைக்கு வெயிலு நின்னு அடிக்கும்" என்பாள். அன்றைக்கு வீட்டில் யாருக்கும் வேறு வேலை கிடையாது.

பட்டாசலைத் தாண்டி, அடுக்களைக்கு முன்னால் அரங்கு என்று ஓர் இருட்டறை. ஜன்னல் இல்லாத அந்த அறைக்குள் பகலில் போனாலும் கண் பழகச் செத்த நேரம் ஆகும். அதற்கு முன்னால் மூக்கு பழகிவிடும். நல்லெண்ணெய், பெருங்காயம், பழைய உப்பு, வெந்தயம், ஓரத்து மூட்டையிலிருந்து புளி, எல்லாம் கலந்த ஒரு வாடை. சுவரோரம் பலகை போட்டு அதன்மேல் ஜாடிகள் உட்கார்ந்திருக்கும். மேலே காப்பிப்பொடி நிறம், கீழே சந்தன நிறம், கழுத்தில் ஒரு வளையம். பெரிய ஜாடியைக் கட்டிப்பிடித்தால் என் கைகள் ஒன்றை ஒன்று தொடாது. ஒவ்வொரு கோடை விடுமுறையிலும் இந்த வருஷமாவது தொடுகிறதா என்று போய்க் கட்டிப் பார்ப்பேன். ஜாடியின் குளிர்ச்சி கன்னத்தில் படும். அந்தச் சுகத்திற்காகவே கை எட்டியதா இல்லையா என்பதை மறந்து அப்படியே நிற்பேன்.

மாசி பாதியில் ஜாடிகள் வெளியே வரும். சாம்பலும் வெந்நீரும் போட்டுத் தேய்த்து, தட்டட்டி என்கிற மொட்டை மாடியில் கவிழ்த்து வெயில் காட்டுவார்கள். அது போதாது ஆச்சிக்கு. சாயங்காலம் சிரட்டைக் கனலை ஓட்டாஞ்சல்லியில் அள்ளி, அதன்மேல் கட்டிப் பெருங்காயத்தில் ஒரு துணுக்கைப் போட்டு, புகை கிளம்பும்போது ஜாடியை அதன்மேல் கவிழ்ப்பாள். நிமிர்த்தினதும் ஜாடியின் வாயிலிருந்து நீலப் புகை மெல்ல எழும்பும். நான் குனிந்து அதற்குள் என் பெயரைச் சொல்வேன். பெருங்காய வாசத்தோடு அந்தப் பெயர் கனத்த குரலில் திரும்பி வரும். ஆச்சி திட்டமாட்டாள். "எச்சி தெறிக்காமச் சொல்லு" என்பாள், அவ்வளவுதான்.

மாவடு கொண்டுவருகிற அம்மாள் மலையடிவாரத்திலிருந்து வருவாள். தலையில் கடகப்பெட்டி, பெட்டிக்கு மேலே மாவிலை மூடி. வாசலில் அவள் இறக்கி வைத்ததும் தார்சா முழுக்கப் பச்சை மாம்பாலின் நெடி பரவும். ஆச்சி ஒரு வடுவை எடுத்து நகத்தால் கீறிப் பார்ப்பாள், முகர்ந்து பார்ப்பாள், பாதியைக் கடித்துக் கொட்டை பிடித்திருக்கிறதா என்று பார்ப்பாள். "காத்துல விழுந்ததா, மரத்துல பறிச்சதா?" என்று கேட்பாள். "விழுந்ததை ஒங்ககிட்டக் கொண்டாருவனா ஆச்சி?" என்பாள் அந்த அம்மாள். விழுந்த வடுவில் அடி பட்டிருக்கும். அடிபட்ட இடம் உப்பில் கொழகொழத்து, ஒன்று கெட்டால் ஜாடியே கெட்டுப்போகும். விலை பேசி முடிந்ததும் ஆச்சி அவளை உள்ளே உட்காரவைத்து நீராகாரம் கொடுப்பாள். தொட்டுக்கொள்ளப் போன வருஷத்து வடு. தன் தோப்பு வடுவை எங்கள் ஜாடியிலிருந்து வாங்கிக் கடித்து, "நல்லா ஊறியிருக்கு" என்று அவள் தலையாட்டுவதைப் பார்த்தால்தான் ஆச்சிக்கு மனசு நிறையும்.

பிறகு என் உத்தியோகம் ஆரம்பமாகும். பட்டாசலில் வெள்ளை வேட்டியை விரித்து வடுவைக் கொட்டி, காம்பு பார்க்கிற வேலை. அரை விரக்கடைக் காம்பு இருந்தால் இந்தப் பக்கம், காம்பு ஒடிந்தது அந்தப் பக்கம், மூக்கு வெடித்ததும் தோலில் கறுப்பு விழுந்ததும் தனியாக. காம்பு ஒடிந்த இடத்தில் பால் வடிந்து தோலைச் சுடும். உப்புத் தண்ணீரும் அந்த வழியாக முதலில் உள்ளே போய் வடுவைச் சீக்கிரம் மெத்தென்று ஆக்கிவிடும். அப்படிப்பட்டவை அன்றைக்கே பச்சடிக்கோ தொக்குக்கோ போய்விடும். எனக்கு இந்த வேலையில் பெருமை தாங்காது. அண்ணன் பக்கத்தில் வந்து உட்கார்ந்தால், "நீ பாக்கக் கூடாது, ஆச்சி எங்கிட்டதான் சொல்லியிருக்கா" என்று வேட்டியின் முனையை இழுத்துக்கொள்வேன். அவன் ஒன்றும் பேசாமல் ஒரு வடுவை வாயில் போட்டுக்கொண்டு போவான். அந்த 'நறுக்' சத்தத்தில் எனக்கும் வாயில் நீர் ஊறும்.

உப்பு தூத்துக்குடியிலிருந்து வரும். இரட்டை மாட்டு வண்டியில் உப்பு மூட்டைகளை ஏற்றிக்கொண்டு, "உப்போய்" என்று உப்புக்காரர் தெருவின் தலைப்பில் குரல் கொடுத்தால் கடைசி வீடு வரைக்கும் கேட்கும். ஊறுகாய்க்குக் கல் உப்புதான். கடையில் பொட்டலமாக வருகிற தூள் உப்பை ஆச்சி ஜாடிப் பக்கம் அண்டவிடமாட்டாள். படியால் அளந்து வாங்கிய உப்பைச் சுளவில் போட்டுப் புடைத்து, வெயிலில் காயவைத்து, ஈரம் போன கல்லை உள்ளங்கையில் வைத்து உருட்டிப் பார்ப்பாள். கழுவி நிழலில் ஆறவைத்த வடுவை அகலமான பாத்திரத்தில் கொட்டி, கையில் விளக்கெண்ணெய் ஊற்றிக்கொண்டு, குழந்தையைக் குளிப்பாட்டுகிற பதத்தில் ஒவ்வொன்றையும் புரட்டுவாள். எண்ணெய் பட்டதும் வடுவெல்லாம் பளபளவென்று கரும்பச்சையாகிவிடும். பிறகு ஜாடியில் ஒரு கை வடு, ஒரு கை உப்பு, மறுபடி வடு, மறுபடி உப்பு. எட்டுப் படி வடுவுக்கு ஒரு படி உப்பு என்பது ஆச்சியின் கணக்கு. மேலாக விரலி மஞ்சளை இடித்துத் தூவி, துவைத்துக் காய்ந்த வெள்ளைத் துணியால் வேடு கட்டிவிடுவாள்.

அடுத்த நாளிலிருந்து காலையும் மாலையும் குலுக்கல். ஜாடியை இரண்டு கையாலும் பிடித்து, இடுப்போடு சாய்த்து, வலமும் இடமுமாக ஒரு சுழற்று. முதல் நாள் வடு கடகடவென்று உருளும். இரண்டாம் நாள் அந்தச் சத்தத்துக்குள் ஒரு சலசலப்புச் சேர்ந்துகொள்ளும். யாருமே தண்ணீர் ஊற்றாத ஜாடிக்குள் தண்ணீர் எங்கிருந்து வந்தது என்பது எனக்குத் தீராத அதிசயம். ராத்திரி ஆச்சி தூங்காமல் எழுந்து போய் ரகசியமாக ஊற்றுகிறாள் என்றே வெகுநாள் நம்பிக்கொண்டிருந்தேன். வேடு அவிழ்த்துக் காட்டும்போது எட்டிப் பார்ப்பேன். உருண்டையாகப் போன வடுவெல்லாம் தோல் சுருங்கி, ஆச்சியின் விரல் நுனிகளைப் போலக் கோடு கோடாக, தன் நீரிலேயே மூழ்கிக் கிடக்கும். ரொம்ப நாள் கழித்துப் பள்ளிக்கூடத்தில் டீச்சர் சவ்வூடு பரவல் நடத்தினார். உப்பு செறிந்த பக்கத்துக்குத் தண்ணீர் தோலைத் தாண்டிப் போகும் என்று கரும்பலகையில் அம்புக்குறி போட்டார். எனக்கு அந்தப் படத்தில் தெரிந்தது எங்கள் அரங்குதான். உப்பு வடுவின் நீரை வெளியே இழுக்கிறது. அந்த உப்பு நீருக்குள் கெடுதல் செய்கிற கிருமி பிழைக்காது, புளிப்பைக் கொடுக்கிற நல்ல கிருமி மட்டும் நிதானமாக வேலை பார்க்கும். ஆச்சி இதைப் புத்தகத்தில் படித்தவள் இல்லை. ஒரு நாள் குலுக்காவிட்டால் மேலே நிற்கிற வடுவில் பூசணம் பூக்கும் என்பது அவளுக்குத் தெரியும்.

தண்ணீர் வடுவுக்குச் சமமாக ஏறி, வடு நன்றாகச் சுருங்கினதும், அந்தத் தண்ணீரில் கொஞ்சம் எடுத்து, காய்ந்த மிளகாயையும் கடுகையும் அதிலேயே நனைத்து அம்மியில் வைத்து அரைப்பார்கள். வேறு தண்ணீர் ஒரு சொட்டுச் சேராது. கடுகு அரைபடும்போது கிளம்புகிற காட்டம் மூக்கில் ஏறிக் கண்ணில் நீர் வரும். அரைத்ததை ஜாடியில் கலந்துவிட்டால் தண்ணீர் செங்காவி நிறமாகிவிடும். வடு தீர்ந்த பிறகும் அந்தத் தண்ணீரை யாரும் கொட்டியதில்லை. பழைய சோற்றில் இரண்டு கரண்டி விட்டுப் பிசைந்தால் வேறு எதுவும் வேண்டாம்.

பங்குனியில் நார்த்தங்காய். புறவாசல் கிணற்றடியில் ஒரு நார்த்தை மரம் நின்றது. முள்ளுக்குப் பயந்து நாங்கள் யாரும் ஏறமாட்டோம். தாத்தா தொரட்டியால் பறித்துப் போடுவார். ஆச்சி அருவாமனையில் உட்கார்ந்து நார்த்தங்காயைச் சுருளாக நறுக்குவதைப் பார்க்கத் தெருப்பிள்ளைகளே வந்து உட்காரும். காயை இரண்டு கையாலும் பிடித்து அருவாளில் லேசாகப் பதித்து, கத்தி அசையாமல் காயை மட்டும் சுற்றிக்கொண்டே வருவாள். அறுகிற தோலிலிருந்து எண்ணெய் பனிபோலத் தெறித்து, வாசம் கிணற்றடி வரைக்கும் போகும். கடைசியில் காயின் இரண்டு முனையையும் பிடித்து இழுத்தால் அறுபடாத ஒரே சுருளாக நீளும். அதன் இடுக்கெல்லாம் உப்பை அடைத்து மறுபடி காயாக மூடி ஜாடியில் அடுக்குவாள். ஊறினதும் பகலில் வெயிலில் காயவைத்து, சாயங்காலம் மறுபடி அந்த உப்புச் சாற்றிலேயே போட்டு, மறுநாள் மறுபடி வெயில். சாறெல்லாம் காய்க்குள் போய்ச் சேர்ந்து, மேலே வெள்ளையாக உப்புப் பூக்கும்வரை இது நடக்கும். வருஷம் ஆக ஆக அது கறுத்துக்கொண்டே போகும். கறுக்கக் கறுக்க மருந்து என்பாள் ஆச்சி.

எலுமிச்சை புளியங்குடியிலிருந்து வரும். எங்கள் பக்கத்தில் எலுமிச்சை என்றாலே புளியங்குடிதான். மெல்லிய தோல், பிழிந்தால் கை நிறையச் சாறு. சித்திரையில் கொட்டை ஓடு முற்றின மாங்காய் வந்ததும் தாத்தாவுக்கும் சித்தப்பாவுக்கும் வேலை. கனத்த அரிவாளால் ஓட்டோடு வெட்டினால்தான் வெட்டுமாங்காய் ஊறினபின் குழையாமல் நிற்கும். வீட்டில் அரைத்த கடுகுப் பொடி, வறுத்த வெந்தயம், வத்தல் பொடி எல்லாம் சேர்த்து, செக்கிலிருந்து அன்றைக்கு ஆட்டி வந்த நல்லெண்ணெயை, காய்க்கு மேல் ஒரு விரக்கடை நிற்கிற மாதிரி ஊற்றுவாள். எண்ணெய் மேலே நின்றால் காற்றுக்கு உள்ளே வழியில்லை.

இதெல்லாம் காய்கிற இடம் தட்டட்டி. காவல் நானும் அண்ணனும். தாத்தாவின் கறுப்புக் குடையை விரித்துக் காக்காய்க்குப் பயம் காட்ட நட்டு வைத்துவிட்டு, படிக்கட்டு நிழலில் உட்கார்ந்திருப்போம். மோர் மிளகாய், சுண்டவத்தல், நார்த்தங்காய், எலுமிச்சைத் தட்டு என்று வெயிலோடு வெயிலாக ஒவ்வொன்றின் வாசமும் மாறிக்கொண்டே வரும். காலையில் மோர் மிளகாய் புளித்த மோராக மணக்கும். மத்தியானத்துக்குள் அது காரமாகிவிடும். காக்காய்க்கும் குடைக்கும் இரண்டு நாளில் பழக்கமாகிவிட்டது. குடைக்கம்பி மேலேயே வந்து உட்கார்ந்தது. நாங்கள் இரண்டு பேரும் அதை விரட்ட மறந்து, அது என்ன செய்யப்போகிறது என்று பார்த்துக்கொண்டிருந்தோம்.

சித்தி மாதத்தில் சில நாள் தார்சா ஓரத்தில் உட்கார்ந்திருப்பாள். அந்த நாட்களில் அவள் ஜாடியைத் தொடக் கூடாது, அதன் நிழல்கூடப் படக் கூடாது என்று கட்டு. வீட்டிலேயே உப்புப் பதம் சரியாகச் சொல்லத் தெரிந்தவள் அவள். அங்கே இருந்தபடியே, "மஞ்சள் போதலை, இன்னும் கொஞ்சம் போடச் சொல்லு" என்று என்னிடம் சொல்லியனுப்புவாள். நான் உள்ளுக்கும் வெளிக்கும் தூது போவேன். இப்போது என் வீட்டில் எல்லா நாளும் நான்தான் ஜாடியைத் தொடுகிறேன். ஒரு வடுகூட அதனால் கெட்டதில்லை. ஈரம் கெடுக்கும், அழுக்குக் கரண்டி கெடுக்கும், உப்புக் குறைந்தால் கெடும். பெண்ணின் கை பட்டு எதுவும் கெடாது. இதை நான் என் மகளிடம் சொல்லித்தான் கரண்டியைக் கொடுத்திருக்கிறேன்.

அம்மா கல்யாணமாகி வரும்போது எஸ். மீனாட்சி அம்மாளின் 'சமைத்துப் பார்' கொண்டுவந்திருந்தாள். 1951-ல் வெளிவந்து, பெண்ணுக்குச் சீரோடு வைத்துக் கொடுக்கிற அளவுக்கு வீடுகளில் இடம்பிடித்த புத்தகம். அதைப் பார்த்து அம்மா தக்காளித் தொக்குப் போடுவாள். ஆச்சி அந்தப் புத்தகத்தைத் தொட்டுப் பார்த்ததில்லை. ஆனால் தொக்கு கிளறும்போது அடுப்புப் பக்கம் வந்து நின்று, "எண்ணெய் பிரியட்டும், அவசரப்படாத" என்பாள். தொக்கு பம்பாய்ச் சித்தப்பாவுக்கு. காலியான ஹார்லிக்ஸ் பாட்டில்களைக் கழுவிக் காயவைத்து, சூடு ஆறின தொக்கை அடைத்து, மேலே எண்ணெய் விட்டு, மூடிக்கு அடியில் பிளாஸ்டிக் தாள் வைத்து இறுக்குவார்கள். தாத்தா மெழுகுவர்த்தியைக் கொளுத்தி, மூடியைச் சுற்றிச் சொட்டுச் சொட்டாக விட்டு அடைப்பார். ஒரு பொட்டு எண்ணெய்கூட வழியில் கசியக் கூடாது. பழைய செய்தித்தாளில் சுற்றி, துணிப்பையில் சேலைகளுக்கு நடுவே வைத்து ரயிலேறும் அந்தப் பாட்டில். போய்ச் சேர்ந்ததற்குச் சித்தப்பாவிடமிருந்து கடுதாசி வரும். அதில் ஊர்ச் சேதிக்கு முன்னால் தொக்குச் சேதிதான் இருக்கும்.

ஆச்சி ஜாடிகளுக்கு ஆள் வைத்துத்தான் பெயர் சொல்வாள். பிரசவத்துக்கு வரப்போகிற அத்தைக்கு எலுமிச்சை. மசக்கையில் இருக்கிற எதிர்வீட்டு அக்காளுக்கு வடு. காய்ச்சல்காரர்களுக்குக் கறுத்த நார்த்தங்காய். நடவுக்கு வருகிறவர்களுக்குச் சோற்றோடு கொடுக்க வெட்டுமாங்காய். "இவ்வளவும் நாமளா ஆச்சி திங்கப்போறோம்?" என்று ஒருநாள் கேட்டேன். "நமக்காட்டி போடுதோம்? வாரவ வாய் கசந்து வருவா. அன்னைக்குப் போயிக் காய் தேட முடியுமா?" என்றாள். சாரல் விழுகிற நாட்களில் வளவுக்காரர்கள் கிண்ணத்தோடு வருவார்கள். வேலைக்குப் போக முடியாமல் வீட்டில் கஞ்சி மட்டும் இருக்கும் நாட்கள் அவை. கிண்ணத்தை நீட்டுகிறவர்கள் வாய் திறந்து கேட்கும்படி ஆச்சி வைத்ததில்லை. கிண்ணத்தை வாங்கிப் பார்ப்பாள், ஈரமிருந்தால் முந்தானையால் துடைப்பாள், மரக்கரண்டியால் எடுத்துப் போட்டு, மேலே எண்ணெயும் ஒரு கரண்டி விட்டுக் கொடுப்பாள். யாருக்குக் கொடுத்தோம் என்று ராத்திரிச் சாப்பாட்டில்கூடப் பேச்சு வராது.

அந்த வீடு இப்போது எங்களுடையது இல்லை. ஜாடிகளில் ஒன்று என்னிடம் இருக்கிறது. ஒன்பதாவது மாடியில், துணி காயப்போடுகிற பால்கனியில் காலை பத்து மணி வரை வெயில் விழும். அதற்குள் முடிக்கிற அளவுக்குத்தான் போடுகிறேன். 2 கிலோ வடுவுக்கு 300 கிராம் கல் உப்பு, விளக்கெண்ணெய், மஞ்சள். குலுக்குவது என் மகள். அவளும் முதல் தடவை தண்ணீர் எங்கிருந்து வந்தது என்றுதான் கேட்டாள்.

கடையில் எல்லா ஊறுகாயும் கிடைக்கிறது, நன்றாகவும் இருக்கிறது. ஆனாலும் ஒரு வீட்டில் நாலு பேர் சாப்பிடுகிற அளவுக்குமேல் ஒரு ஜாடி அதிகமாக இருக்க வேண்டும் என்று நான் உறுதியாக நினைக்கிறேன். அது இருந்தால்தான் பக்கத்துப் பிளாட்டில் யாருக்குக் காய்ச்சல், யார் வீட்டில் பிள்ளை உண்டாகியிருக்கிறாள் என்பது நம் காதுக்கு வந்து சேர்கிறது. எங்கள் மாடியில் இப்போது மூன்று வீட்டுக்காரர்கள் என்னிடம் வடு வாங்குகிறார்கள். ஒருவர் தெலுங்கு பேசுகிறவர், ஆவக்காயோடு வருகிறார். வருகிற மாசியில் இன்னொரு கிலோ சேர்த்துப் போடுவதாக இருக்கிறேன். பங்குனி கடைசியில் இந்தப் பக்கம் வந்தால் வீட்டுக்கு வாருங்கள். கையில் ஒரு பாட்டில் கொண்டுவாருங்கள், நன்றாகக் கழுவி, ஈரமில்லாமல் வெயிலில் காயவைத்தது.